பட்ஜெட் உரையில் சேலத்தைத் தேடாதீர்கள்

பிப்ரவரி 1-ஆம் தேதி நிதியமைச்சர் உரையை முடித்து உட்கார்ந்ததும் செவ்வாய்ப்பேட்டை வெள்ளிப் பட்டறையிலிருந்து ஏற்காடு ஒண்டிக்கடை டீக்கடை வரை ஒரே கேள்விதான்: "சேலத்துக்கு என்ன வந்துச்சு?" உரையில் ஊர்ப்பெயர் வரவில்லை என்றால் "ஒண்ணும் வரல" என்று பேச்சு முடிந்துவிடும். பெயர் வந்துவிட்டால் அன்று முழுக்கக் கொண்டாட்டம். இரண்டுமே அவசர முடிவுகள். பட்ஜெட் உரை மேடைப் பேச்சுக்கும் கணக்குப்பிள்ளையின் பேரேட்டுக்கும் நடுவில் நிற்கும் ஒரு வகை எழுத்து. பணம் இருப்பது பேரேட்டில். அதை எப்படிப் படிப்பது, அதிலிருந்து சேலத்துக்கு எந்த வழியில் பணம் வருகிறது என்பதை அடிப்படையிலிருந்து பார்ப்போம்.

கணக்கு வசதிக்காக இந்தக் கட்டுரை முழுக்க 2025-26 பட்ஜெட்டின் எண்களையே எடுத்துக்கொள்கிறேன். ஒரு ஆண்டைப் படிக்கத் தெரிந்தால் எந்த ஆண்டையும் படிக்கலாம்.

பட்ஜெட் என்பது என்ன?

அரசியல் சாசனத்தில் 'பட்ஜெட்' என்ற சொல்லே கிடையாது. 112-ஆவது பிரிவு 'ஆண்டு நிதிநிலை அறிக்கை' என்றுதான் சொல்கிறது. வரும் ஏப்ரல் முதல் அடுத்த மார்ச் வரை எவ்வளவு வரும், எவ்வளவு செலவாகும் என்று அரசு நாடாளுமன்றத்தின் முன் வைக்கும் மதிப்பீடு அது. மாநில அரசுக்கும் இதே கடமை உண்டு, 202-ஆவது பிரிவின்படி. ஆக, நம் தலைக்கு மேல் இரண்டு பட்ஜெட்டுகள். டெல்லி பட்ஜெட்டைத் திட்டும்போது சென்னை பட்ஜெட்டில் இருக்க வேண்டியதைத் தேடுவதும், சென்னையைத் திட்டும்போது டெல்லியில் இருப்பதைத் தேடுவதும் நம்மிடையே ரொம்ப சகஜம்.

பட்ஜெட் ஆவணத்தைத் திறந்தால் ஒவ்வொரு தலைப்புக்கும் நான்கு எண்கள் அருகருகே நிற்கும். 2025 பிப்ரவரியில் வந்த ஆவணத்தில் 2023-24-க்கு உண்மைக் கணக்கு. 2024-25-க்குப் பழைய மதிப்பீடு, அதன் பக்கத்தில் திருத்திய மதிப்பீடு. 2025-26-க்குப் புதிய மதிப்பீடு. செய்திகளில் கடைசி எண் மட்டும்தான் வரும். ஆனால் சுவையான கதை நடுவில் இருக்கிறது. 2024-25-இல் மூலதனச் செலவுக்கு, அதாவது ரோடு, ரயில் பாதை போல நிலைத்து நிற்கும் சொத்துக்கான செலவுக்கு, 11.11 லட்சம் கோடி ரூபாய் என்று அறிவித்தார்கள். திருத்திய மதிப்பீட்டில் அது 10.18 லட்சம் கோடியாக இறங்கியது. அறிவித்த அன்று தலைப்புச் செய்தி. குறைந்த அன்று யாரும் பெரிதாகப் பேசவில்லை, ஏனென்றால் அன்றைக்கு அடுத்த ஆண்டின் புதுத் தலைப்புச் செய்தி வந்துவிட்டது.

மூன்று பெட்டிகள்

அரசின் பணம் மூன்று பெட்டிகளில் இருக்கிறது.

1. தொகுநிதி. வரி, கட்டணம், வாங்கிய கடன், திரும்பி வந்த கடன் எல்லாம் இங்கேதான் விழும். அநேகமாக எல்லாச் செலவும் இங்கிருந்துதான். மேட்டூர் அணையில் 93 டிஎம்சி தண்ணீர் நிரம்பி நின்றாலும், திறக்கச் சொல்லி உத்தரவு வராமல் மதகு திறக்காது இல்லையா, அதேபோல நாடாளுமன்றம் சட்டம் போடாமல் தொகுநிதியிலிருந்து ஒரு ரூபாய்கூட வெளியே போக முடியாது.

2. எதிர்பாராச் செலவு நிதி. வெள்ளம், நோய் போன்ற அவசரத்துக்கு. 500 கோடியாக இருந்த இதை 2021-இல் 30,000 கோடியாக உயர்த்தினார்கள். எடுத்த பணத்துக்குப் பின்னால் நாடாளுமன்றத்தின் ஒப்புதல் வாங்கி, பெட்டியைத் திரும்ப நிரப்ப வேண்டும்.

3. பொதுக்கணக்கு. இதிலிருப்பது அரசின் சொந்தப் பணம் இல்லை. வருங்கால வைப்பு நிதி, அஞ்சலகச் சேமிப்பு போல மற்றவர்கள் அரசிடம் நம்பிக் கொடுத்து வைத்தது. திருப்பிக் கொடுக்க நாடாளுமன்ற ஒப்புதல் தேவையில்லை.

மூன்றாவது பெட்டியில் ஒரு நுணுக்கம் உண்டு. ஆத்தூர் அஞ்சலகத்தில் மகள் பெயரில் செல்வமகள் சேமிப்புத் திட்டத்தில் போடும் பணம் தேசிய சிறுசேமிப்பு நிதிக்குப் போகிறது. அங்கிருந்து மத்திய அரசு கடன் வாங்கிக்கொள்கிறது. 2025-26-இல் இந்த வழியில் மட்டும் சுமார் 3.43 லட்சம் கோடி ரூபாய் வாங்கத் திட்டம். 'அரசு கடன் வாங்குகிறது' என்று கேட்டதும் உலக வங்கியை நினைப்பவர்கள் அதிகம். பெரும்பகுதி உள்நாட்டில், வங்கிகளிடமும் காப்பீட்டு நிறுவனங்களிடமும் நம்மைப் போன்றவர்களிடமும் வாங்குவதுதான்.

ஒரு ரூபாயின் கணக்கு, அதில் ஒரு கண்கட்டு

2025-26 மதிப்பீட்டின்படி மொத்தச் செலவு 50.65 லட்சம் கோடி ரூபாய். கடன் அல்லாத வரவு 34.96 லட்சம் கோடி. இடைவெளி 15.69 லட்சம் கோடி. இந்த இடைவெளிக்குப் பெயர்தான் நிதிப் பற்றாக்குறை. அதைக் கடன் வாங்கி அடைக்கிறார்கள்.

'ரூபாய் எங்கிருந்து வருகிறது' என்று நாளிதழ்களில் வட்டமாக வரைந்து போடுவார்கள். அதன்படி ஒரு ரூபாயில் கடன் 24 காசு, வருமான வரி 22, ஜிஎஸ்டி 18, நிறுவன வரி 17, வரி அல்லாத வருவாய் 9, கலால் 5, சுங்கம் 4, கடன் அல்லாத மூலதன வரவு 1. போகும் பக்கம்: மாநிலங்களின் வரிப்பங்கு 22 காசு, வட்டி 20, மத்திய அரசே நேரடியாக நடத்தும் திட்டங்கள் 16, மாநிலத்தோடு சேர்ந்து நடத்துபவை 8, பாதுகாப்பு 8, நிதிக்குழு மானியமும் மற்ற மாற்றங்களும் 8, மானிய விலைக்கான உதவி 6, ஓய்வூதியம் 4, இதர செலவு 8.

கண்கட்டு இங்கேதான். இந்த வட்டத்தில் வட்டி 20 காசு. ஆனால் வட்டிச் செலவு 12.76 லட்சம் கோடி. மொத்தச் செலவான 50.65-ல் அது 25 சதவீதம். எப்படிக் குறைந்தது? வட்டத்தில் மாநிலங்களுக்குப் போகும் 14.22 லட்சம் கோடியையும் சேர்த்துக்கொள்கிறார்கள். அந்தப் பணம் மத்திய அரசின் செலவுக் கணக்கில் வராது, வசூலிலிருந்தே பிரிந்துவிடும். வட்டம் பெரிதானதும் வட்டியின் துண்டு சின்னதாகத் தெரிகிறது. பொய் இல்லை, ஆனால் பார்ப்பவருக்குத் தெரிய வேண்டும். இன்னும் கறாராகப் பார்த்தால், கடன் வாங்காமல் ஆண்டுதோறும் கைக்கு வரும் வருவாய் சுமார் 34.20 லட்சம் கோடி. அதில் வட்டிக்கு மட்டும் 37 சதவீதம் போகிறது. சம்பளத்தில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் வட்டி கட்டும் வீட்டின் நிலையை விளக்க வேண்டியதில்லை.

பற்றாக்குறையும் கடனும் ஒன்றல்ல

பலரும் சறுக்கும் இடம் இது. பற்றாக்குறை ஒரு ஆண்டில் புதிதாக வாங்கும் கடன். மொத்தக் கடன் இதுவரை சேர்ந்தது எல்லாம். அணையின் மொழியில் முதலாவது இந்த ஆண்டு நீர்வரத்து, இரண்டாவது நீர்மட்டம். நீர்வரத்து குறைந்தாலும் நிற்காதவரை, மதகைத் திறக்காத அணையில் மட்டம் ஏறிக்கொண்டேதான் இருக்கும். 'பற்றாக்குறை குறைந்தது' என்ற செய்திக்கு 'கடன் குறைந்தது' என்று பொருளில்லை.

பற்றாக்குறையை ரூபாயில் பார்ப்பதைவிட நாட்டின் மொத்த உற்பத்தியோடு ஒப்பிட்டுப் பார்ப்பது வழக்கம். 15.69 லட்சம் கோடி என்பது 4.4 சதவீதம். கொரோனா ஆண்டான 2020-21-இல் இது 9.2 சதவீதம் வரை போனது. 2003-இல் வந்த நிதிப் பொறுப்புச் சட்டம் வைத்த இலக்கு 3 சதவீதம்.

நிதிப் பற்றாக்குறைக்குள் இன்னொன்று ஒளிந்திருக்கிறது: வருவாய்ப் பற்றாக்குறை. சம்பளம், வட்டி, ஓய்வூதியம், மானியம் போன்ற அன்றாடச் செலவுக்கே வருவாய் போதாமல் கடன் வாங்கும் அளவு அது. 2025-26-இல் 5.24 லட்சம் கோடி. வீடு கட்டக் கடன் வாங்குவது ஒன்று, மளிகைக்குக் கடன் வாங்குவது வேறொன்று. என் பார்வையில், செய்தியில் ஒரே ஒரு எண்ணைத்தான் பார்க்க முடியும் என்றால் இதைத்தான் பார்க்க வேண்டும்.

இதிலும் கொஞ்சம் நிதானம் தேவை. சேர்வராயன் மலைக் கிராமத்துக்குப் பிரதமர் கிராமச் சாலைத் திட்டத்தில் ரோடு போட மத்திய அரசு மாநிலத்துக்குக் கொடுக்கும் பணம், டெல்லியின் ஏட்டில் 'வருவாய்ச் செலவு' என்றுதான் பதிவாகும், மானியமாகக் கொடுப்பதால். ரோடு உண்மையில் நிற்கிறது, கணக்கில் அது சொத்து இல்லை. இதனால்தான் மாநிலங்களுக்கு இப்படிக் கொடுப்பதையும் சேர்த்து 'செயல்பாட்டு மூலதனச் செலவு' என்று தனியாக ஓர் எண் காட்டுகிறார்கள்: 15.48 லட்சம் கோடி. சேர்க்காவிட்டால் 11.21.

எல்லா வரியும் பங்குக்கு வராது

மத்திய அரசு வசூலிக்கும் வரியில் மாநிலங்களுக்கு எவ்வளவு என்று பரிந்துரைப்பது ஐந்தாண்டுக்கு ஒருமுறை அமையும் நிதிக்குழு. 2021 முதல் 2026 வரையிலான காலத்துக்கு 15-ஆவது நிதிக்குழு 41 சதவீதம் என்றது. அந்த 41-க்குள் தமிழ்நாட்டின் பங்கு 4.079 சதவீதம். 2025-26 மதிப்பீட்டில் இது சுமார் 58,000 கோடி ரூபாய்.

ஆனால் 41 சதவீதம் எதற்கு என்பதில்தான் சண்டை. அது 'பங்கிடத்தக்க' வரிக்கு மட்டும். செஸ் (குறிப்பிட்ட நோக்கத்துக்கான கூடுதல் வரி), சர்சார்ஜ் (வரியின் மேல் போடும் கூடுதல் வரி) என்று போடுவது பங்குக்கு வராது. பெட்ரோல் நல்ல உதாரணம். 2025 ஏப்ரல் உயர்வுக்குப் பின் ஒரு லிட்டருக்கு மத்திய கலால் 21 ரூபாய் 90 காசாக இருந்தது. அதில் அடிப்படைக் கலால் வெறும் 1 ரூபாய் 40 காசு. மீதி 20 ரூபாய் 50 காசு கூடுதல் தீர்வை, சாலை செஸ், வேளாண் செஸ் என்று போனது. 1.40-இல் 41 சதவீதம் 57 காசு. அது எல்லா மாநிலங்களுக்கும் சேர்த்து. தமிழ்நாட்டின் பங்கு இரண்டு காசுக்குச் சற்று மேல். செஸ் பணமும் சாலைக்குத்தானே போகிறது, அந்தச் சாலை மாநிலங்களில்தானே இருக்கிறது என்பது மத்திய அரசுத் தரப்பு. எந்தச் சாலை என்று முடிவு செய்யும் உரிமை எங்களிடம் இல்லையே என்பது மாநிலங்களின் தரப்பு. (பெட்ரோல் மேல் மாநிலம் போடும் மதிப்புக் கூட்டு வரி தனி. அது முழுக்கத் தமிழ்நாட்டுக்கு.)

வரி எப்படிப் பிறக்கிறது என்பதற்குச் சேலத்திலேயே ஒரு பழைய கதை உண்டு. 1937 அக்டோபர் 1-ஆம் தேதி மதராஸ் மாகாணத்தில் மதுவிலக்கு முதலில் அமலானது சேலம் மாவட்டத்தில். மாகாண அரசை நடத்தியவர் ராஜாஜி. முன்பு சேலம் நகராட்சித் தலைவராக இருந்தவர். கள், சாராயக் கலால் வருமானம் போனால் கஜானாவில் ஓட்டை விழும் அல்லவா? அதை அடைக்க 1939-இல் பொது விற்பனை வரிச் சட்டம் வந்தது, இந்தியாவிலேயே அந்த வகையில் முதலாவது. கடை பில்லில் நாம் பார்க்கும் ஜிஎஸ்டிக்கு அதுதான் பாட்டன் முறை. ஒரு வருமானத்தை விட்டால் இன்னொன்றைத் தேட வேண்டும், இல்லாவிட்டால் செலவைக் குறைக்க வேண்டும், அதுவும் இல்லாவிட்டால் கடன். இந்த மூன்றைத் தவிர நான்காவது வழி அன்றும் இல்லை, இன்றும் இல்லை. வரிச்சலுகை அறிவிப்பைக் கேட்கும்போது இந்த மூன்றில் எது என்று கேட்டுப் பார்க்கலாம்.

பட்ஜெட்டால் உடனே மாறுவதும், மாற்ற முடியாததும்

2024 ஜூலை 23. தேர்தல் முடிந்து வந்த முழு பட்ஜெட். தங்கம், வெள்ளி இறக்குமதிச் சுங்கம் 15 சதவீதத்திலிருந்து 6 சதவீதமாகக் குறைக்கப்பட்டது. வரி மாற்றங்களைச் சட்டமாக்கும் நிதி மசோதாவை நாடாளுமன்றம் நிறைவேற்ற வாரங்கள் ஆகும். ஆனாலும் சுங்கக் குறைப்பு உடனே நடைமுறைக்கு வந்தது. சுங்கம், கலால் போன்றவற்றில் மாற்றத்தை உடனே அமல்படுத்தச் சட்டத்தில் இடமிருக்கிறது. இல்லாவிட்டால், விலை ஏறப்போகிறது என்று தெரிந்தவர் பதுக்குவார், இறங்கப்போகிறது என்று தெரிந்தவர் வாங்காமல் காத்திருப்பார்.

சேலத்துக் கொலுசுத் தொழிலுக்கு இது நேரடிச் செய்தி. அடுத்து வெள்ளிக்கட்டி வாங்குகிறவருக்கு லாபம். முதல் நாள் வரை பழைய விலையில் வாங்கி இருப்பு வைத்திருந்தவருக்குக் கையில் இருப்பதன் மதிப்பு இறங்கியது. உரையில் சேலம் என்ற சொல் இல்லை. செவ்வாய்ப்பேட்டையில் அதன் விளைவு ஊர்ப்பெயர் சொன்ன பல அறிவிப்புகளைவிடப் பெரிது.

மறுபக்கம், ஜவ்வரிசிக்கும் காபித்தூளுக்கும் ஜிஎஸ்டியைக் குறைக்கச் சொல்லி நிதியமைச்சரின் பட்ஜெட்டை எதிர்பார்ப்பதில் பயனில்லை. 2017 ஜூலை 1-க்குப் பிறகு அது ஜிஎஸ்டி கவுன்சிலின் வேலை. அங்கே மத்திய அரசின் வாக்குக்கு மூன்றில் ஒரு பங்கு எடை, மாநிலங்களுக்கு மூன்றில் இரண்டு பங்கு, தீர்மானம் நிறைவேற நான்கில் மூன்று பங்கு வேண்டும். கூட்டிக் கழித்தால், மத்திய அரசு ஒப்பாமல் எதுவும் நிறைவேறாது. மாநிலங்கள் கணிசமாகச் சேராமலும் நிறைவேறாது. 2025 செப்டம்பர் 22-இல் 12, 28 சதவீத அடுக்குகள் போய் 5, 18 என்று பெரும்பாலான பொருள்கள் மாறியபோது பட்ஜெட் எதுவும் வரவில்லை, கவனித்திருப்பீர்கள்.

நாடாளுமன்றத்தில் நடப்பது

உரைக்குப் பிறகு அமைச்சகங்களின் மானியக் கோரிக்கைகள் (தங்கள் செலவுக்கு அவை கேட்கும் தொகைகள்), நூற்றுச் சொச்சம், மக்களவையின் வாக்கெடுப்புக்கு வரும். நேரம் போதாது என்பதால் சிலவற்றைத்தான் விவாதிப்பார்கள். மிச்சம் எல்லாவற்றையும் கடைசி நாளில் ஒன்றாகச் சேர்த்து ஒரே வாக்கெடுப்பில் முடித்துவிடுவார்கள். அதற்கு 'கில்லட்டின்' என்றே பெயர். வட்டி, உச்ச நீதிமன்ற நீதிபதிகளின் சம்பளம் போன்றவை வாக்கெடுப்புக்கே வராது. பிறகு நிதி ஒதுக்கீட்டுச் சட்டம் செலவுக்கு, நிதிச் சட்டம் வரிக்கு. பண மசோதா என்பதால் மாநிலங்களவை 14 நாளுக்குள் கருத்துச் சொல்லலாம், தடுக்க முடியாது.

அப்படியென்றால் சேலத்துக்குப் பணம் எந்த வழியில் வருகிறது?

1. வரிப்பங்கு. சென்னைக்கு மொத்தமாக வரும், எந்த நிபந்தனையும் இல்லாமல். அதில் சேலத்துக்கு எவ்வளவு என்பது மாநில பட்ஜெட்டின் முடிவு.

2. நிதிக்குழு மானியம். ஏற்காடு ஒன்றியத்து ஊராட்சிக்கு வரும் பணத்தில் ஒரு பகுதி இது. 15-ஆவது நிதிக்குழு காலத்தில் ஊரக உள்ளாட்சிகளுக்கான இந்த மானியத்தில் 60 சதவீதத்தைக் குடிநீர், சுகாதாரத்துக்குத்தான் செலவிட வேண்டியிருந்தது. 40 சதவீதம் ஊராட்சியின் தேவைக்கு.

3. கூட்டுத் திட்டங்கள். கிராமச் சாலைத் திட்டத்தில் மத்திய அரசு 60, மாநிலம் 40. மாநிலம் தன் பங்கைப் போட்டால்தான் வேலை நகரும். பெயர்ப்பலகையில் யார் படம் என்ற தகராறு பிறக்கும் இடமும் இதுவே. 2025 மார்ச்சோடு முடிந்த பொலிவுறு நகரத் திட்டமும் இதே குடும்பமாக இருந்தது: தேர்வான நகரத்துக்கு மத்திய அரசு ஐந்தாண்டில் 500 கோடி வரை, மாநிலமும் உள்ளாட்சியும் சேர்ந்து அதே அளவு. 2016-இல் தேர்வான சேலத்தில் பழைய பேருந்து நிலையம் ஈரடுக்காக மாறியது இந்தத் திட்டத்தில்தான்.

4. மத்திய அரசு தானே செலவிடுவது. ரயில்வே இதில் பெரியது. 2025-26-இல் மட்டும் ரயில்வேக்கு 2.52 லட்சம் கோடி ரூபாய் மூலதனம். 2017-இலிருந்து தனி ரயில் பட்ஜெட் இல்லாததால் பாதை வாரியான விவரம் உரையில் வராது. 2007-இல் உருவான சேலம் கோட்டத்தின் வேலைகள் 'பிங்க் புக்' என்று ரயில்வேக்காரர்கள் சொல்லும் தொகுதியில், தெற்கு ரயில்வே தலைப்பின் கீழ் இருக்கும். காபி வாரியத்தின் ஒதுக்கீடு வர்த்தகத் துறையின் மானியக் கோரிக்கையில் இருக்கும், வேளாண்மைத் துறையில் இல்லை. ஏற்காட்டுத் தோட்டக்காரர்கள் தவிர மற்றவர்கள் பெரும்பாலும் தப்பான பக்கத்தைப் புரட்டுவார்கள்.

5. பொதுத்துறை நிறுவனங்களின் சொந்த முதலீடு. சேலம் உருக்காலை செய்யும் செலவு அதன் தாய் நிறுவனமான செயிலின் (SAIL, மத்திய அரசின் உருக்கு நிறுவனம்) கணக்கு. ஆலையின் பங்கை அரசு விற்றால் மட்டும் அது 'கடன் அல்லாத மூலதன வரவு' என்று பட்ஜெட்டுக்குள் வரும் என்று பலர் நினைக்கிறார்கள். அதுவும் முழுக்கச் சரியில்லை: செயில் நிறுவனத்தில் அரசு வைத்திருக்கும் பங்குகளை விற்றால் பணம் தொகுநிதிக்கு, செயில் தன் ஆலை ஒன்றை விற்றால் பணம் செயிலுக்கு.

எந்தப் பக்கத்தைத் திறப்பது?

உரை முடிந்ததும் எல்லா ஆவணங்களும் பட்ஜெட் இணையதளத்தில் இலவசமாகக் கிடைக்கும். வேலைக்கு இந்த மூன்று போதும்.

1. 'பட்ஜெட் ஒரு பார்வையில்' என்ற மெல்லிய தொகுதி. மொத்த வரவு, செலவு, இரண்டு பற்றாக்குறைகள் முதல் சில பக்கங்களிலேயே வந்துவிடும்.

2. செலவு விவரத் தொகுதி. அமைச்சகம் வாரியாக, திட்டம் வாரியாக. இதில் புதிய மதிப்பீட்டைப் பார்க்கும் முன் இரண்டு ஆண்டு முந்தைய உண்மைக் கணக்கைப் பாருங்கள். 1,000 கோடி அறிவித்து 400 கோடி செலவிட்ட திட்டத்துக்கு மறுபடியும் 1,000 கோடி அறிவித்தால் எதிர்பார்ப்பை 400-க்கு அருகில் வைத்துக்கொள்ளலாம்.

3. வரவு விவரத் தொகுதி. எந்த மாநிலத்துக்கு எவ்வளவு வரிப்பங்கு என்ற பட்டியலும், செஸ் வசூலும் இதில் உண்டு.

2025-26-க்கு இங்கே சொன்ன எண்கள் எல்லாம் மதிப்பீடுகள்தான். உண்மையில் எவ்வளவு வந்தது, எவ்வளவு செலவானது என்பது 2027 பிப்ரவரி ஆவணத்தில், நான்கு எண்களில் முதல் எண்ணாக வரும்.